துலாக்கோலும் மூடிய உறையும்

கம்பம் பள்ளத்தாக்கில் பிறந்து வளர்ந்தவர்க்கு நிறுவையின் அருமையை எவரும் எடுத்துரைக்க வேண்டியதில்லை. 2023ஆம் ஆண்டு புவிசார் குறியீடு பெற்ற கம்பம் பன்னீர் திராட்சையைத் தோட்டத்தில் எடைபோடும்பொழுது உழவர் தராசின் அருகிலேயே நிற்கிறார். மேகமலைத் தேயிலைத் தோட்டத்தில் பகலெல்லாம் கொழுந்து பறித்த பெண்கள், சாக்கின் எடை கழிக்கப்படும்பொழுது முள் எங்கே நிற்கிறது என்று எட்டிப் பார்க்கின்றனர். போடிநாயக்கனூர் ஏல மையத்தில் ஏலக்காயின் மாதிரி வாங்குவோர் கைக்கு வருகிறது; கேட்கப்படும் விலை எல்லார் கண்ணெதிரேயும் திரையில் ஏறுகிறது. ஆறு மில்லிமீட்டர், ஏழு, எட்டு என்று காயின் பருமனைப் பிரித்துத் தரும் சல்லடையோடு எவரும் சண்டையிடுவதில்லை. ஏனெனில் அச்சல்லடை விற்பவர்க்கும் வாங்குபவர்க்கும் பொதுவானது.

காயையும் கனியையும் நிறுக்க இத்துணை விழிப்புக் காட்டும் நாம், மனிதனின் உழைப்பை நிறுக்கும் இடத்தில் மட்டும் கண்ணை மூடிக்கொள்வது ஏன்? அலுவலகமாயினும் பள்ளியாயினும் கல்லூரியாயினும் ஓர் ஊழியரின் ஓராண்டுப் பணியை மதிப்பிட்டு எழுதும் குறிப்பு, நெடுங்காலமாக மூடிய உறைக்குள்ளேயே பயணம் செய்து வந்துள்ளது. எழுதியவர் அறிவார், மேலதிகாரி அறிவார், எவரைப் பற்றி எழுதப்பட்டதோ அவர் மட்டும் அறியார். அவர் அறியாத அக்குறிப்பே அவருடைய பதவி உயர்வையும் ஊதியத்தையும் ஓய்வூதியத்தையும் முடிவு செய்யும். இது முறைதானா என்பதே இக்கட்டுரையின் வினா.

கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனே

பல ஆண்டுகளுக்கு முன் எம்மோடு பணியாற்றிய மூத்த ஆசிரியர் ஒருவரை இவ்விடத்தில் நினைவுகூர்கிறோம். பெயரும் நிறுவனமும் வேண்டா. யாப்பிலக்கணத்தை அவர் நடத்தக் கேட்ட மாணவர், வெண்பாவின் தளையை வாழ்நாள் முழுதும் மறவார். பதவி உயர்வுக்குரிய முறை வந்தபொழுது அவர் பெயர் விடுபட்டது. அவருக்கு இளையவர் ஒருவர் உயர்த்தப்பட்டார். காரணம் கூறப்படவில்லை. அவரும் கேட்கவில்லை. கேட்பது மரியாதைக் குறைவு என்று எண்ணும் தலைமுறை அது.

ஓய்வு பெற்றபின் ஓய்வூதியத் தாள்களுக்காக அலுவலகம் சென்றிருந்த அவர் கண்ணில், பழைய கோப்பு ஒன்றின் இரண்டு சொற்கள் பட்டன: ‘ஒத்துழைப்புப் போதாது’. அது எழுதப்பட்ட ஆண்டை நோக்கினார். அவருடைய துணைவியார் மதுரையில் மருத்துவமனையில் கிடந்த ஆண்டு அது. மாலைக் கூட்டங்கள் சிலவற்றுக்கு அவர் வரவில்லை என்பது உண்மை. “கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனே, தம்பி” என்று எம்மிடம் கூறினார். அவ்வளவே. எழுதியவர் மீது அவர் சினம் கொள்ளவில்லை. எழுதியவரும் தீயவர் அல்லர். கூட்டத்திற்கு வராததைக் கண்டார், கண்டதை எழுதினார். இருவருக்கும் இடையே ஒரு வினா எழ வாய்ப்பில்லாதவாறு ஓர் உறை மூடியிருந்தது. பிழை அங்கேதான் இருந்தது.

‘நன்று’ என்னும் சொல் தடையான வரலாறு

மேற்கண்டது ஒரு தனிமனிதரின் துயரம் மட்டுமன்று என்பதை நாட்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று காட்டுகிறது. எல்லைப்புறச் சாலைப் பொறியியல் பணியில் செயற்பொறியாளராக இருந்தவர் தேவ் தத். கண்காணிப்புப் பொறியாளராக உயர வேண்டுமாயின், முந்தைய ஐந்தாண்டுகளிலும் ‘மிக நன்று’ என்னும் மதிப்பீடு தேவை என்பது விதி. அவருக்கு 1993-94ஆம் ஆண்டில் மட்டும் ‘நன்று’ என்று எழுதப்பட்டிருந்தது. எனவே பதவி உயர்வு மறுக்கப்பட்டது. அவருக்கு இளையோர் உயர்ந்தனர்.

‘நன்று’ என்பது பாராட்டுச் சொல் அன்றோ? அதனை எதற்காகத் தெரிவிக்க வேண்டும்? இதுவே அரசுத் தரப்பின் வாதம். பாதகமான குறிப்பைத் தெரிவித்தாற் போதும், நற்குறிப்பைத் தெரிவிக்கத் தேவையில்லை என்பது அந்நாள்வரை இருந்த வழக்கம். கௌகாத்தி உயர்நீதிமன்றத்தில் அவர் தோற்றார். வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. 2008ஆம் ஆண்டு மே 12ஆம் நாள், நீதிபதிகள் எச்.கே. சேமா, மார்க்கண்டேய கட்சு ஆகியோர் அடங்கிய அமர்வு, அவ்வழக்கத்தை மாற்றித் தீர்ப்பளித்தது. ஒரு குறிப்பு பாதகமானதா என்பது அதன் சொல்லைப் பொறுத்ததன்று, அதன் விளைவைப் பொறுத்தது. ‘மிக நன்று’ தேவைப்படும் இடத்தில் ‘நன்று’ என்பதும் தடைக்கல்லே. ஆதலின் எல்லா மதிப்பீடுகளையும் உரியவர்க்கு உரிய காலத்தில் தெரிவித்தல் வேண்டும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

அதற்குள் தேவ் தத் ஓய்வு பெற்றுவிட்டார். குறிப்பை அவருக்குத் தெரிவிக்கவும், அவருடைய முறையீட்டை ஆராயவும், மதிப்பீடு உயர்த்தப்பட்டால் முன்தேதியிட்டுப் பதவி உயர்வை ஆராய்ந்து, உயர்வு கிடைப்பின் நிலுவையை 8 விழுக்காடு வட்டியுடன் ஓய்வூதியப் பயனோடு வழங்கவும் நீதிமன்றம் ஆணையிட்டது. பணத்திற்கு வட்டி கணக்கிடலாம். கடந்துபோன பணிக்காலத்திற்கு எவ்வட்டியைக் கணக்கிடுவது?

இத்தீர்ப்புக்கு முன்னும் வழி இல்லாமல் இல்லை. தெரிவிக்கப்படாத பாதகக் குறிப்பைக் கொண்டு பதவி உயர்வை மறுத்தல் ஆகாது என்று குர்தியால் சிங் ஃபிஜி வழக்கில் 1979ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் கூறியிருந்தது. தேவ் தத் தீர்ப்புக்குப்பின், 2009ஆம் ஆண்டு மே 14ஆம் நாளிட்ட ஆணையின்வழி நடுவண் அரசு, மந்தண அறிக்கை என்னும் பெயரையே நீக்கிவிட்டது. ஆண்டுச் செயற்பாட்டு மதிப்பீட்டு அறிக்கை என்னும் புதுப்பெயரோடு, முழு அறிக்கையும் உரியவர்க்குக் காட்டப்படும், அவர் 15 நாள்களுக்குள் முறையிடலாம் என்னும் விதியும் வந்தது. 2013ஆம் ஆண்டில் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு, தேவ் தத் தீர்ப்பே சரியானது என்று உறுதி செய்தது.

இத்தீர்ப்புகள் அரசுப் பணியாளரைப் பற்றியன. தனியார் நிறுவனத்திற்கு நமக்கென்ன என்று கேட்பார் உண்டு. சட்டத்தின் கை எட்டும் தொலைவு வேறு. நீதியின் கை எட்டும் தொலைவு வேறு. ஒருவரைப் பற்றி முடிவெடுக்கும் முன் அவர் சொல்லைக் கேட்க வேண்டும் என்பது எந்த ஆணையாலும் பிறந்ததன்று.

குடவோலை காட்டும் வழி

தமிழ் பயில்வோராகிய நமக்கு இக்கருத்து புதிதும் அன்று. திருக்குறளின் பொருட்பாலில் தெரிந்துதெளிதல், தெரிந்துவினையாடல் என்னும் இரண்டு அதிகாரங்கள் 51, 52 என அடுத்தடுத்து நிற்கின்றன. ஆளைத் தேர்வது ஒரு கலை. தேர்ந்தவரைப் பணியில் வைத்து நடத்துவது மற்றொரு கலை. இரண்டினையும் வள்ளுவர் தனித்தனியே வகுத்திருப்பது எண்ணத்தக்கது.

முதலாம் பராந்தக சோழன் காலத்தில், பொது ஆண்டு 919, 921 ஆகியவற்றில் பொறிக்கப்பட்ட உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் இன்னும் தெளிவாகப் பேசுகின்றன. வாரியப் பொறுப்புக்கு உரியோரின் தகுதி முதலில் வகுக்கப்பட்டது. அகவை 35 முதல் 70 வரை. உரிய நிலமும் சொந்த மனையும் வேண்டும். முன்பு பொறுப்பிலிருந்து கணக்குக் காட்டாதவர் தகுதியிழந்தார். அவர்தம் உறவினரும் விலக்கப்பட்டனர். பின்னர்க் குடும்புதோறும் பெயர் எழுதிய ஓலைகள் குடத்தில் இடப்பட்டன. சபையோர் அனைவரும் கூடியிருக்க, குடம் எல்லாரும் காணத் தூக்கப்பட்டது. ஏதும் அறியாச் சிறுவன் ஒருவன் ஓலையை எடுத்தான். அதனை வாங்கும் மத்தியத்தன், ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் ஏந்த வேண்டும். படித்ததை அங்கிருந்த நம்பிமார் மீண்டும் படிக்க வேண்டும்.

ஐந்து விரலையும் விரித்து என்பதை மாணவர்கள் உற்று நோக்குவார்களாக. அந்த மத்தியத்தன் கள்வன் என்று சபை கருதவில்லை. அவன் நேர்மையானவன் என்பது எல்லார் கண்ணுக்கும் தெரியட்டும் என்று விரும்பிற்று. அச்சபை எல்லார்க்கும் திறந்த சபை அன்று. பிரமதேய ஊரில், நிலமும் வேதப் பயிற்சியும் உடையோர்க்கே இடமளித்தது. அக்குறையை மறைக்க வேண்டியதில்லை. எனினும் தகுதியை முன்கூட்டி எழுதுதல், கணக்குக் காட்டாதவரை விலக்குதல், உறவின் சார்பைத் தடுத்தல், எல்லார் முன்னிலையிலும் முடிவு செய்தல் என்னும் நான்கும் ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்பே கல்லில் வெட்டப்பட்டுள்ளன. கல்லில் வெட்டியதை நாம் தாளில் எழுதவும் தயங்குகிறோம்.

எண்களும் ஏமாற்றும்

அவ்வாறாயின் அனைத்தையும் எண்ணாக்கி வெளியிட்டால் நீதி விளைந்துவிடுமா? கல்லூரி ஆசிரியர் உலகம் கண்ட அனுபவம் அப்படிச் சொல்லவில்லை. பல்கலைக்கழக மானியக் குழு 2010ஆம் ஆண்டு விதிமுறைகளில் பதவி உயர்வுக்கு மதிப்பெண் முறையைக் கொண்டுவந்தது. கற்பித்தலுக்கு இத்தனை, கட்டுரைக்கு இத்தனை, கருத்தரங்கிற்கு இத்தனை எனப் புள்ளிகள் வகுக்கப்பட்டன. ஆசிரியர் தம் புள்ளிகளைத் தாமே கூட்டிப் பார்க்க முடிந்தது. வெளிப்படைத்தன்மை என்னும் அளவில் அது ஒரு முன்னேற்றமே.

ஆனால் நடந்தது என்ன? கட்டுரைக்குப் புள்ளி என்றவுடன், பணம் பெற்றுக்கொண்டு எதனையும் அச்சிடும் இதழ்கள் முளைத்தன. நம் தமிழ்த்துறைகளும் விலக்கல்ல. பன்னாட்டுக் கருத்தரங்கம் என்னும் பெயரில் ஒரே நாளில் நூற்றுக்கணக்கான கட்டுரைகள் தலையணை போன்ற கோவைகளாயின. படித்தவர் உண்டோ, அறியோம்; பதிவெண் மட்டும் தவறாமல் இருந்தது. 2018ஆம் ஆண்டு மே மாதம் மானியக் குழு தன் பட்டியலிலிருந்து 4,305 இதழ்களை நீக்க நேர்ந்தது. அதே ஆண்டு சூலையில் வந்த புதிய விதிமுறைகள் அம்மதிப்பெண் முறையையும் கைவிட்டன.

இதனால் பெறப்படுவது யாது? தராசு திறந்த வெளியில் இருந்தால் மட்டும் போதாது. எதனை நிறுக்கிறோம் என்பதும் சரியாக இருத்தல் வேண்டும். எண்ணத்தக்கதை எல்லாம் எண்ணி, எண்ணவியலாததைப் புறந்தள்ளினால், நல்லாசிரியர் பின்தங்குவார். தேர்வில் தோற்ற மாணவனை வீடு தேடிச் சென்று கூட்டி வந்தமைக்கு எப்பட்டியலிலும் புள்ளி இல்லை.

தராசுக் கல்லை நடுவழியில் மாற்றுவதும் முறையன்று. எம்.ஃபில். பட்டமே விரிவுரையாளர் பணிக்குப் போதிய தகுதி என்று நம்பிப் பயின்ற தலைமுறை நம்முடையது. 2009ஆம் ஆண்டு விதிமுறைகள் எம்.ஃபில். பெற்றவர்க்கு இருந்த தகுதித்தேர்வு விலக்கை நீக்கின. 2022ஆம் ஆண்டு நவம்பரில் அப்பட்டப் படிப்பே நிறுத்தப்பட்டது. தரம் உயர வேண்டும் என்பதில் நமக்கு மறுப்பில்லை. பாதி ஆற்றைக் கடந்தவனிடம் படகு மாறிவிட்டது என்று சொல்லும்பொழுது, கரை சேர ஒரு கால அவகாசமும் உடன் சொல்லப்படுதல் வேண்டும். விதிமுறை வகுப்போர்க்கு மட்டுமன்றி, ஆண்டு நடுவில் புது அளவுகோலைப் புகுத்தும் ஒவ்வொரு நிறுவனத்திற்கும் இது பொருந்தும்.

‘நாமெல்லாம் ஒரு குடும்பம்’

இனி, சமுதாயப் பெரியோர்களிடம் உரிமையோடு ஒன்று கூற விழைகிறோம். வேளாண்மையும் சிறுவணிகமும் அன்றி வேறு வருவாய் அறியாத ஊர்களில், தம் நிலத்தையும் பொருளையும் ஈந்து கல்விக்கூடம் எழுப்பியோர் நம் முன்னோர். சாதி, சமயம் பாராது இப்பள்ளத்தாக்கின் பிள்ளைகள் படித்துயர அவர்கள் வழிவகுத்தனர். அக்கூடங்களில் பணியாற்றுவதை வெறும் ஊதியப் பணியாக எவரும் கருதுவதில்லை. அதனாலேயே பதவி உயர்வைப் பற்றியோ மதிப்பீட்டைப் பற்றியோ எழுத்தில் கேட்டால், “நாமெல்லாம் ஒரு குடும்பம், குடும்பத்திற்குள் தாளும் கையெழுத்தும் எதற்கு?” என்னும் விடை வருகிறது. அவ்விடையில் அன்பு உண்டு. ஐயமில்லை. ஆயினும் அன்பு மட்டும் போதுமா?

திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் எது என்பதைப் பெரியோர் அறிவர். அல்பகரா அத்தியாயத்தின் 282ஆம் வசனம் அது. வழிபாட்டைப் பற்றியதன்று, கொடுக்கல் வாங்கலை எழுதிக்கொள்ளுதலையும் சாட்சி வைத்தலையும் பற்றியது. ஒருவரையொருவர் நம்பும் மக்களுக்கே அவ்வழிகாட்டல் அருளப்பட்டது. எழுதுவது நம்பிக்கைக் குறைவால் அன்று, நம்பிக்கை நிலைத்திருப்பதற்காகவே. அளவையிலும் நிறுவையிலும் குறைசெய்வோரைக் கண்டிக்கும் தனி அத்தியாயமே 83ஆவதாக உள்ளது. அரிசியும் பேரீச்சையும் நிறுக்கும் தராசுக்கு மட்டும்தான் அக்கண்டனமா? ஓர் ஆசிரியரின் ஓராண்டு உழைப்பை நிறுப்பதும் நிறுவையே. பதவி என்பது அமானிதம் என்றால், பதவியை அளிக்கும் அதிகாரம் அதனினும் பெரிய அமானிதம்.

சிறுபான்மை நிறுவனத்திற்கு அரசமைப்புச் சட்டத்தின் 30ஆம் பிரிவு தந்துள்ள நிர்வாக உரிமை இதனால் குறையுமோ என்று அஞ்சுவார்க்கும் ஒரு சொல். அவ்வுரிமையில் முறைகேடாக நிர்வகிக்கும் உரிமை அடங்காது என்று கேரளக் கல்வி மசோதா பற்றிய கருத்துரையில் உச்ச நீதிமன்றம் 1958ஆம் ஆண்டிலேயே கூறிவிட்டது. நமக்கு நாமே விதி வகுத்து ஒழுகினால், பிறர் வந்து விதி வகுக்க இடமிராது. உரிமையைக் காக்கும் அரண் நேர்மையே.

வேறொரு தடையும் கூறப்படுவதுண்டு. மதிப்பீட்டைக் காட்டினால் மனக்கசப்பு வரும். அதற்கு அஞ்சித் துறைத்தலைவர்கள் எல்லார்க்கும் ‘மிகச் சிறப்பு’ என்றே எழுதிவிடுவர் என்பது அது. இத்தடை பொய்யன்று. எல்லார்க்கும் ஒரே புகழ்ச்சி எழுதினால் உழைத்தவர்க்கும் உழையாதவர்க்கும் வேறுபாடு மறையும். இதற்கு மாற்று, உறையை மீண்டும் மூடுவதன்று. ஒவ்வொரு மதிப்பீட்டிற்கும் சான்று கேட்பதே. ‘ஒத்துழைப்புப் போதாது’ என்று எழுதுவோர், எந்நாள், எப்பணி என்று எழுதட்டும். ‘மிகச் சிறப்பு’ என்று எழுதுவோரும் எச்செயலால் என்று எழுதட்டும். சான்று கேட்கும் இடத்தில் முகத்துதியும் பகைமையும் ஒருங்கே மெலியும்.

நம் கையிலுள்ள தராசு

பிறரைச் சுட்டும் விரலை நாம் நம்மை நோக்கியும் திருப்ப வேண்டும். ஆசிரியராகிய நாம் வகுப்பில் 25 மதிப்பெண் அகமதிப்பீடு வழங்குகிறோம். அம்மதிப்பெண் எவ்வாறு வந்தது என்பதை மாணவர்க்குக் காட்டுகிறோமா? திருத்திய தாளைத் திருப்பித் தருகிறோமா? ஒப்படைப்பில் ஐந்துக்கு மூன்று இட்டது ஏன் என்று கேட்ட மாணவியை, ‘எதிர்த்துப் பேசுகிறவள்’ என்று மனத்துள் குறித்துக்கொண்டதில்லையா? நாமும் அப்பிழையைச் செய்ததுண்டு, மறைப்பானேன். மேலிருப்பவர் நமக்கு மூடும் உறையை, நாம் கீழிருப்பவர்க்கு மூடுகிறோம். தாள்களை வகுப்பிலேயே கொடுத்துக் கூட்டிப் பார்க்கச் சொன்ன பருவத்தில், இரண்டு தாள்களில் எம் கூட்டல் தவறியிருந்ததை மாணவர்களே கண்டுபிடித்தனர். அன்று எம் மரியாதை குறையவில்லை.

செய்யத்தக்கவை

இவற்றுக்குப் பெரும்பொருள் செலவில்லை. கல்வியாண்டு தொடங்கும் சூன் மாதத்திலேயே, எவை எவை மதிப்பிடப்படும் என்று எழுத்தில் அறிவிக்கலாம். ஒருவரே மதிப்பிடாது, வேறு துறையைச் சார்ந்த ஒருவரும் உடனிருக்கலாம். உறவினர் பெயர் ஆய்வுக்கு வரும்பொழுது குழுவினர் எழுந்து வெளியேறும் வழக்கத்தை ஏற்படுத்தலாம். நன்றாயினும் தீதாயினும் மதிப்பீட்டின் படியை உரியவர்க்குக் கொடுத்து, முறையிட 15 நாள் தரலாம். முறையீட்டை எழுதியவரே விசாரிக்காது வேறொருவர் விசாரிக்கலாம். பணிமூப்புப் பட்டியலை ஆண்டுக்கொரு முறை ஆசிரியர் அறையின் அறிவிப்புப் பலகையில் இடலாம். ஒருவர் பதவி உயர்வில் விடுபட்டால், காரணத்தை ஒரு பத்தியில் எழுதித் தரலாம்.

இவ்வனைத்தும் அரசு உதவிபெறும் பிரிவினர்க்கு மட்டும் உரியன என்று கருதுதல் கூடாது. பல கல்லூரிகளில் ஒரே பாடத்தை, ஒரே கட்டடத்தில், சுயநிதிப் பிரிவில் நடத்தும் இளம் ஆசிரியர்க்குப் பதவி உயர்வு என்னும் ஏணியே இல்லை. அவர்களுக்கு மதிப்பீடு என்பது அடுத்த ஆண்டு வேலை உண்டா என்னும் ஒரே வினாவாகச் சுருங்கிவிடுகிறது. ஏணியை உடனே தர நிதி இடம் தராமற்போகலாம். தம்மைப் பற்றி எழுதப்பட்டதைப் படித்துப் பார்க்கும் உரிமையைத் தர நிதி எதற்கு?

எல்லார்க்கும் பதவி உயர்வு கிட்டாது, கிட்டவும் இயலாது. இடம் ஒன்று, தகுதியுடையோர் மூவர் என்றால் இருவர் ஏமாற்றம் அடைவர். ஆயினும் காரணம் அறிந்து ஏமாற்றமடைந்தவர் மறுநாள் வகுப்பிற்குச் செல்வார். காரணம் அறியாதவர் வகுப்பிற்குச் சென்றாலும் அவர் உள்ளம் அங்கே செல்லாது. இழப்பு மாணவர்க்கே.

ஓய்வுபெற்ற அப்பெரியவர் இன்று நம்மிடையே இல்லை. அவர் ஒரு பதவியைக் கேட்கவில்லை. தம்மை ஒரு வினா கேட்டிருக்கலாமே என்றுதான் வருந்தினார். இனி எவரும் அவ்வாறு வருந்த நேராதபடி, திராட்சைத் தோட்டத்துத் தராசைப் போல நம் அலுவலகத் தராசும் இருபுறத்தாரும் காண நிற்கட்டும். அதற்குரிய மனத்துணிவை எல்லாம் வல்ல இறைவன் நம் அனைவர்க்கும் அருள்வானாக!